மறுக்கப்படும் கடன் ஆவணத்தை உரிமையியல் நீதிமன்றத்தில் மெய்ப்பிப்பது எப்படி?

கைக்கடன் கொடுத்தவர் பணத்தைக் கேட்டு வழக்குத் தொடுத்ததும், கடன் வாங்கியவர் தாக்கல் செய்யும் எதிருரையில் பெரும்பாலும் மூன்று மறுப்புகளில் ஒன்று இருக்கும். ஆவணத்தில் உள்ளது என் கையெழுத்தே அல்ல என்பது ஒன்று. கையெழுத்து என்னுடையதுதான், ஆனால் வேறொரு காரணத்துக்காக வெற்றுத்தாளில் வாங்கியதை நிரப்பிக்கொண்டு பொய் வழக்குப் போட்டிருக்கிறார், பணம் எதுவும் தரவில்லை என்பது இரண்டாவது. வாங்கினேன், வட்டியும் முதலுமாகத் திருப்பிக் கொடுத்தும்விட்டேன், ஆவணத்தைத்தான் திரும்பப் பெறாமல் இருந்துவிட்டேன் என்பது மூன்றாவது. இந்த மூன்றிலும் மெய்ப்பிக்கும் சுமை ஒரே இடத்தில் விழுவதில்லை. எனவே எந்தச் சான்றைத் தேடுவது என்று முடிவெடுக்கும் முன், எதிராளி மறுப்பது கையெழுத்தையா, பணத்தையா, பாக்கியையா என்பதைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். மறுப்பு ஒன்றாகவும் திரட்டிய சான்று வேறொன்றுக்காகவும் இருப்பதால் உண்மையான கடன்களுக்கான வழக்குகளும் தோற்றுப்போகின்றன.

இங்கே சொல்லப்படுவது தமிழ்நாட்டு உரிமையியல் நீதிமன்றங்களில் தனிநபர்களுக்கு இடையிலான கடன் வழக்குகளைப் பற்றியது. வங்கிக் கடன்களுக்கு வேறு சட்டங்களும் வேறு தீர்ப்பாயங்களும் உண்டு என்பதால் அவற்றை எடுத்துக்கொள்ளவில்லை.

கையில் இருப்பது என்ன ஆவணம்?

பேச்சு வழக்கில் எல்லாவற்றையும் "பத்திரம்" என்றுதான் சொல்கிறோம். ஆனால் கையில் இருப்பது கடனுறுதிச் சீட்டா, அதாவது புரோநோட்டா, அல்லது முத்திரைத்தாளில் எழுதிய கடன் ஒப்பந்தமா என்பதைப் பொறுத்து வழக்கின் போக்கே மாறும். 1881ஆம் ஆண்டு மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 4ஆம் பிரிவின்படி, குறிப்பிட்ட தொகையைக் குறிப்பிட்ட நபருக்கோ அவரது உத்தரவு பெற்றவருக்கோ நிபந்தனை ஏதுமின்றிச் செலுத்துவதாக எழுதிக் கையொப்பமிட்டுத் தருவதே கடனுறுதிச் சீட்டு. "தாங்கள் விரும்பிக் கேட்கும்போது தங்களுக்காவது தங்கள் உத்தரவு பெற்றவருக்காவது அசலும் வட்டியும் செலுத்துவேன்" என்று கடைகளில் விற்கும் அச்சுப் படிவங்களில் வரும் நீண்ட வாக்கியம் வெறும் சம்பிரதாயமாக அங்கே இடம்பெறவில்லை. அந்த வாக்கியம் இருப்பதால்தான் அந்தத் தாள் கடனுறுதிச் சீட்டு ஆகிறது. அதற்கு மாறாக, "என் மனையை விற்றதும் தருகிறேன்" என்பதுபோல் ஒரு நிபந்தனையை ஏற்றிவிட்டால், தலைப்பில் என்ன எழுதியிருந்தாலும் அது கடனுறுதிச் சீட்டு ஆகாது.

இந்த வேறுபாட்டின் பயன் அச்சட்டத்தின் 118ஆம் பிரிவில் இருக்கிறது. கடனுறுதிச் சீட்டைப் பிரதிவாதி எழுதிக் கொடுத்தார் என்பது மெய்ப்பிக்கப்பட்டால், அது மறுபயனுக்காகவே, அதாவது பணத்தைப் பெற்றுக்கொண்டே எழுதப்பட்டது என்று நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும். பணம் கைமாறவில்லை என்று காட்டும் சுமை அப்போது பிரதிவாதியுடையதாகிறது. சாதாரணக் கடன் ஒப்பந்தத்துக்கு இந்த அனுமானம் கிடையாது. கையெழுத்தை மெய்ப்பித்த பிறகும், பணம் கொடுக்கப்பட்டதை வாதி தனியாகக் காட்ட வேண்டும். ஒரு நிகழ்வை வலியுறுத்துபவரே அதை மெய்ப்பிக்க வேண்டும் என்பது பாரதிய சாட்சிய அதிநியம் 2023இன் 104ஆம் பிரிவு. இந்தச் சட்டம் 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ளது. அன்றைக்கு நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின்படியே தொடர்கின்றன.

முத்திரையையும் உடனே பார்த்துவிட வேண்டும். ஒப்பந்தப் பத்திரத்தில் முத்திரைத் தீர்வை குறைந்திருந்தால், குறைந்த தொகையையும் அபராதத்தையும் செலுத்திச் சரிசெய்துகொள்ள 1899ஆம் ஆண்டு இந்திய முத்திரைச் சட்டம் இடம் தருகிறது. கடனுறுதிச் சீட்டுக்கு அந்தச் சலுகை இல்லை. வருவாய் முத்திரை ஒட்டாத சீட்டை அபராதம் கட்டியும் சான்றாக ஏற்கவைக்க முடியாது என்பது 35ஆம் பிரிவு. ஒட்டிய முத்திரையின் மேல் கையெழுத்தோ கோடோ விழுந்து அது செல்லாததாக்கப்பட்டிருக்க வேண்டும். இல்லையென்றால் 12ஆம் பிரிவின்படி அது முத்திரையே இல்லாத சீட்டாகக் கருதப்படும். முத்திரையின் ஓரத்தைத் தொட்டும் தொடாமலும் கையெழுத்து வாங்கி வைத்திருப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். முத்திரை இல்லாத சீட்டு வைத்திருப்பவருக்கு ஒரே ஒரு வழி மிஞ்சலாம். 1938இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு வகுத்தபடி, கடனின் நிபந்தனைகள் முழுவதும் அந்தச் சீட்டிலேயே அடங்கியிருந்தால் வேறு வழியில்லை. கடன் தனியாக ஏற்பட்டு, அதற்குத் துணைப் பிணையாகச் சீட்டு தரப்பட்டிருந்தால், சீட்டை விட்டுவிட்டு மூலக் கடனை வைத்தே வழக்குத் தொடுக்கலாம். அப்படித் தொடுப்பதாக இருந்தால் வழக்குரையிலேயே, அதாவது வழக்குத் தொடுக்க வாதி தாக்கல் செய்யும் மனுவிலேயே, மூலக் கடனைத் தனியாக விவரித்திருக்க வேண்டும்.

பிரதிவாதியின் பக்கம் நிற்பவர்களுக்கும் இங்கே ஒரு குறிப்பு உண்டு. முத்திரை பற்றிய ஆட்சேபணையை, ஆவணத்துக்குச் சான்றாகக் குறியீட்டு எண் இடப்படும் நேரத்திலேயே எழுப்ப வேண்டும். அப்போது பேசாமல் இருந்துவிட்டு, வாதுரையின்போது எழுப்பினால் 36ஆம் பிரிவு குறுக்கே நிற்கும்.

காலவரையறை

கேட்கும்போது செலுத்த வேண்டிய கடனுறுதிச் சீட்டுக்கு, சீட்டின் தேதியிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும். பணத்தை என்றைக்குக் கேட்டோம், அறிவிப்பு என்றைக்கு அனுப்பினோம் என்பதை வைத்துக் கணக்குப் போடுவது தவறு. கடைசி நாளில் நீதிமன்றம் விடுமுறையில் இருந்தால் திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம். பிரதிவாதி கேட்காவிட்டாலும், காலம் கடந்த வழக்கைத் தள்ளுபடி செய்ய 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு நீதிமன்றத்தைக் கட்டாயப்படுத்துகிறது.

மூன்று ஆண்டுகள் முடிவதற்குள் கடனாளி கையொப்பமிட்டுக் கடனை ஒப்புக்கொண்டாலோ (பிரிவு 18), ஒரு பகுதியைச் செலுத்தி அதை எழுத்தில் ஒப்பிக் கையொப்பமிட்டாலோ (பிரிவு 19), அந்த நாளிலிருந்து புதிதாக மூன்று ஆண்டுகள் கிடைக்கும். சீட்டின் பின்பக்கத்தில் "வரவு" எழுதும் பழக்கம் இதற்காகவே வந்தது. வழக்குகளில் அதிகம் சந்தேகத்துக்கு உள்ளாவதும் இந்த வரவுதான். மூன்றாம் ஆண்டின் கடைசி வாரத்தில், பல லட்சம் ரூபாய்க் கடனுக்கு 500 ரூபாய் வரவு வைத்திருப்பதைக் கண்டதும் எந்த நீதிபதிக்கும் ஐயம் எழும். முன்பக்கக் கையெழுத்தை ஒப்புக்கொள்ளும் பிரதிவாதிகூடப் பின்பக்கக் கையெழுத்தை மறுப்பதுண்டு. அப்படி மறுத்தால் வரவைத் தனி ஆவணத்தைப் போலவே மெய்ப்பிக்க வேண்டும். முன்பக்கம் மெய்ப்பிக்கப்பட்டது பின்பக்கத்தையும் மெய்ப்பித்ததாக ஆகாது. வரவுத் தொகையை வங்கி வழியாகப் பெற்றிருந்தால் இந்தத் தகராறின் பெரும்பகுதி எழாது.

அறிவிப்பும் வழக்குரையும்

வழக்குக்கு முன் வழக்கறிஞர் வழியாக ஒப்புகை அட்டையுடன் அறிவிப்பு அனுப்புவது, எதிராளி எந்த மறுப்பை எடுக்கப்போகிறார் என்பதை முன்கூட்டியே அறிந்துகொள்ள நல்ல வழி. பதில் அறிவிப்பில் "இரண்டு லட்சம் வாங்கியது உண்மை, ஐந்து லட்சம் அல்ல" என்று ஒரு வரி வந்துவிட்டால், கையெழுத்துத் தகராறு அங்கேயே முடிந்துபோகும். பதிலே வராவிட்டால், கடனைப் பற்றி அறிந்தும் மௌனமாக இருந்தார் என்ற பாதகமான ஊகத்துக்கு வழி உண்டு. மௌனத்தை மட்டும் நம்பி எந்த நீதிமன்றமும் தீர்ப்பாணை வழங்கிவிடாது என்பதும் நினைவில் இருக்கட்டும்.

அறிவிப்பில் எழுதியது, வழக்குரையில் எழுதியது, சாட்சிக் கூண்டில் சொல்வது ஆகிய மூன்றும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். சீட்டில் "இன்று ரொக்கமாகப் பெற்றுக்கொண்டேன்" என்று இருக்கும்போது, வழக்குரையில் பழைய பாக்கிக்காக எழுதித் தந்தது என்று சொன்னால், ஆவணத்தில் சொன்ன மறுபயனை வாதியே கைவிட்டார் என்ற வாதம் எழும். தான் சொல்லும் புதிய மறுபயனை மெய்ப்பிக்கும் சுமையும் அவர் தலையில் ஏறும். பழைய பாக்கிதான் உண்மை என்றால் அதை முதல் அறிவிப்பிலேயே சொல்லி, பழைய பாக்கியின் கணக்கையும் தந்துவிட வேண்டும்.

வழக்குரை எழுதும்போது, பிரதிவாதியோடு உள்ள அறிமுகம், கடன் கேட்ட காரணம், பணம் வந்த வழி, கொடுத்த இடம், உடனிருந்தவர்கள் ஆகியவற்றைச் சுருக்கமாகவேனும் சொல்லிவிடுவது நல்லது. வழக்குரையில் இல்லாத ஒன்றைச் சாட்சியத்தில் முதன்முறையாகச் சொன்னால் அது பின்னர் ஜோடித்ததாகத் தோன்றும். ஆதாரமாகக் கொள்ளும் ஆவணங்களை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 7ஆம் கட்டளை 14ஆம் விதிப்படி வழக்குரையோடு சேர்த்தே தாக்கல் செய்ய வேண்டும். பிறகு கொண்டுவர நீதிமன்றத்தின் அனுமதி தேவைப்படும். எதிருரை வந்ததும் அதைப் பத்தி பத்தியாக வழக்குரையோடு ஒப்பிட்டுப் படிக்க வேண்டும். குறிப்பாக மறுக்கப்படாத நிகழ்வு ஒப்புக்கொள்ளப்பட்டதாகக் கருதப்படும் என்பது 8ஆம் கட்டளையின் 5ஆம் விதி. "வழக்குரையில் கண்ட அனைத்தும் பொய்" என்ற ஒற்றை வரி குறிப்பான மறுப்பாகாது.

கையெழுத்தே மறுக்கப்பட்டால்

இந்த நிலையில் 118ஆம் பிரிவின் அனுமானம் இன்னும் பிறக்கவில்லை. பிரதிவாதிதான் எழுதிக் கொடுத்தார் என்பதை மெய்ப்பிக்கும் முழுச் சுமையும் வாதியுடையது. முதல் ஆதாரம், கையெழுத்திடுவதை நேரில் பார்த்தவர்கள். வாதி, சாட்சிக் கையெழுத்துப் போட்டவர், ஆவணத்தை எழுதியவர் ஆகிய மூவரும் அந்த இடத்தில் இருந்திருப்பார்கள். கடனுறுதிச் சீட்டுக்குச் சாட்சிக் கையெழுத்து வேண்டும் என்று சட்டம் கட்டாயப்படுத்தவில்லை. ஆனாலும் சீட்டில் இரண்டு சாட்சிகளின் பெயர் இருந்து, ஒருவரைக்கூட விசாரிக்காமல் விட்டால், ஏன் விட்டார் என்ற கேள்வி தீர்ப்பு வரை தொடரும். சாட்சி இறந்துவிட்டார், வெளிநாட்டில் இருக்கிறார் என்றால் அந்தக் காரணத்தை, வாதி தன் சாட்சியமாக எழுதித் தாக்கல் செய்யும் நிரூபண வாக்குமூலத்திலேயே சொல்ல வேண்டும். உறவினராகவோ அண்டை வீட்டுக்காரராகவோ இருக்கும் சாட்சி கூண்டில் ஏறி மாறிப் பேசுவதும் நடக்கும். எழுதியவரை விசாரிப்பது அதற்கு ஓரளவு காப்பு.

அடுத்தது கையெழுத்து ஒப்பீடு. சாட்சிய அதிநியத்தின் 39ஆம் பிரிவு நிபுணர் கருத்துக்கும், 72ஆம் பிரிவு நீதிமன்றமே ஒப்பிட்டுப் பார்ப்பதற்கும் இடம் தருகின்றன. நிபுணர் கருத்து வேண்டும் தரப்பு, ஆவணத்தைத் தடய அறிவியல் துறைக்கு அனுப்பக் கோரி இடைக்கால மனு தாக்கல் செய்ய வேண்டும். ஒப்பிடுவதற்கு எந்தக் கையெழுத்தை அனுப்புகிறோம் என்பதே இந்த மனுவின் உயிர்நாடி. வழக்குக்கு வந்த பிறகு வக்காலத்திலும் எதிருரையிலும் போட்ட கையெழுத்தை அனுப்புவதால் பயன் குறைவு, ஏனெனில் தகராறு தெரிந்தவர் தன் கையெழுத்தை மாற்றிப் போட முடியும். ஆவணத்தின் தேதியை ஒட்டிய காலத்தில், இந்தக் கடனோடு தொடர்பில்லாத இடத்தில், ஐயத்துக்கு இடமின்றி அவர் போட்ட கையெழுத்துகள் வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவான கிரயப் பத்திரம், வங்கிக் கணக்கு தொடங்கிய படிவம், கூட்டுறவுச் சங்கக் கடன் மனு, ஆயுள் காப்பீட்டு முன்மொழிவு, அரசு ஊழியர் என்றால் பணிப்பதிவேடு ஆகியவற்றில் இவை கிடைக்கும். அவற்றை வைத்திருக்கும் அலுவலகத்துக்கு நீதிமன்றத்தின் வழியாக அழைப்பாணை அனுப்பி வரவழைக்கலாம். பெருவிரல் ரேகை மறுக்கப்பட்டால் நிலைமை வாதிக்கு இன்னும் சாதகம். ரேகை ஒப்பீட்டுக்கு இருக்கும் உறுதி கையெழுத்து ஒப்பீட்டுக்கு இல்லை. ஆனால் எழுதப் படிக்கத் தெரியாதவரின் ரேகை என்றால், ஆவணத்தைப் படித்துக் காட்டி அவர் புரிந்துகொண்ட பின்னரே வைத்தார் என்பதையும் காட்ட வேண்டியிருக்கும்.

நிபுணரின் அறிக்கை ஒரு கருத்து மட்டுமே. நேரில் பார்த்த நம்பத்தகுந்த சாட்சி இருக்கும்போது அது அந்தச் சாட்சியத்துக்கு வலுச் சேர்க்கும். அது மட்டுமே தனித்து வழக்கைச் சுமக்கும் என்று நம்புவது ஆபத்து. நீதிபதி வெறுங்கண்ணால் ஒப்பிட்டுத் தீர்ப்புச் சொல்வதில் எச்சரிக்கை வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. மையின் வயதைக் கண்டறிய அனுப்ப வேண்டும் என்று பிரதிவாதிகள் போடும் மனுக்களைப் பற்றியும் ஒரு சொல். வயதைத் துல்லியமாகச் சொல்லும் அறிவியல் முறை கைவசம் இல்லை என்ற அடிப்படையில் சென்னை உயர் நீதிமன்றம் அத்தகைய கோரிக்கையை ஏற்க மறுத்துள்ளது. ஒரே பேனா, ஒரே நாள் என்று நிறுவ முனைவதில் இரு தரப்பும் நாட்களை வீணாக்குவதைத்தான் அதிகம் காண முடிகிறது.

கையெழுத்தை ஒப்புக்கொண்டு பணத்தை மறுத்தால்

மூன்று மறுப்புகளில் நுணுக்கமானது இதுவே. முதல் பார்வைக்கு வாதியின் கை ஓங்கியிருக்கிறது. முத்திரை ஒட்டிக் கையெழுத்திட்ட தாளை வெறுமையாகவோ பாதி நிரப்பியோ ஒருவர் கொடுத்தால், முத்திரைக்கு உட்பட்ட தொகை வரை அதை நிரப்பிக்கொள்ளும் அதிகாரத்தைப் பெறுபவருக்குத் தந்ததாகவே மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 20ஆம் பிரிவு கொள்கிறது. ஆகவே "எழுத்து வேறு மை, கையெழுத்து வேறு மை" என்று காட்டிவிடுவது மட்டும் பிரதிவாதியைக் காப்பாற்றாது. ஆனால் நிரப்புவது வேறு, திருத்துவது வேறு. எழுதி முடித்த சீட்டில் தேதியையோ தொகையையோ வட்டியையோ எதிராளியின் சம்மதமின்றி மாற்றினால் 87ஆம் பிரிவின்படி அந்தச் சீட்டே செல்லாததாகிவிடும். மங்கிப்போன எழுத்தின்மேல் நல்லெண்ணத்தோடு மறுபடி எழுதுவதும் இந்தச் சிக்கலில் கொண்டுவிடும். சீட்டு கைக்கு வந்த நாளுக்குப் பின் அதில் பேனா படக்கூடாது.

இனி, அனுமானம் என்பது தீர்ப்பு அல்ல. 1999இல் பாரத் பேரல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. பணம் கைமாறவில்லை என்பதைப் பிரதிவாதி ஐயத்துக்கு அப்பால் நிறுவ வேண்டியதில்லை. பணம் கைமாறியிருக்க வாய்ப்பில்லை, அல்லது கைமாறியது ஐயத்துக்குரியது என்று காட்டினால் போதும். நேரடிச் சான்று இல்லாமல், சூழ்நிலைகளைக் கொண்டும், வாதியின் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்தும் அவர் அதைக் காட்டலாம். அவ்வாறு காட்டியதும் சுமை மீண்டும் வாதியிடம் வரும். பணம் கொடுத்ததை அவர் ஒரு நிகழ்வாக மெய்ப்பிக்க வேண்டும், தவறினால் சீட்டின் அடிப்படையில் நிவாரணம் கிடைக்காது. பணம் கொடுக்கவில்லை என்று வெறுமனே மறுப்பது போதாது என்பதும் அதே தீர்ப்பில் உண்டு.

எனவே அறிவுள்ள வாதி அனுமானத்தை நம்பி உட்கார்ந்திருக்க மாட்டார். சுமை தன்னிடம் திரும்பிவரும் என்ற கணக்கோடு, பணத்தின் பயணத்தை முதலிலேயே ஆவணப்படுத்துவார். வங்கி வழியாகச் சென்ற பணம் என்றால் கணக்கு அறிக்கையை, 1891ஆம் ஆண்டு வங்கியாளர் ஏடுகள் சாட்சியச் சட்டப்படி வங்கியின் சான்றோடு பெற்றுத் தாக்கல் செய்தால் வேலை எளிது. ரொக்கம் என்றால் அது எங்கிருந்து வந்தது என்பதே கேள்வி. கடன் தேதிக்கு முன்தினம் வங்கியிலிருந்து எடுத்ததா, ஏலச்சீட்டு எடுத்த பணமா, நகையை அடகு வைத்ததா, நிலம் விற்ற முன்பணமா, ஓய்வுக்கால வைப்பு நிதியா? எதுவானாலும் அதற்கு ஒரு தாள் இருக்கும். அந்த அடகுச் சீட்டோ பதிவான கிரயப் பத்திரமோ, கடனுறுதிச் சீட்டின் தேதிக்கு அருகில் அமைந்துவிட்டால், அதைவிட வலுவான துணைச் சான்று கிடைப்பது அரிது. மாதம் பதினைந்தாயிரம் சம்பளம் வாங்குபவர் எட்டு லட்சத்தை ரொக்கமாகக் கொடுத்தேன் என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொண்டால், அந்தத் தொகையைக் கொடுக்கும் பொருள் வசதி அவருக்கு இருந்ததா என்ற இடத்தில் பல வழக்குகள் சரிந்திருக்கின்றன.

ரொக்கக் கடனில் வருமான வரிச் சட்டமும் குறுக்கே வரும். 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கடன் பெறுவதை அச்சட்டம் தடுக்கிறது. அந்தத் தடையை மீறியதற்காகக் கடன் செல்லாததாகிவிடாது என்று 2025 செப்டம்பரில், ஒரு காசோலை வழக்கில், உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. ஆனால் அதே ஆண்டு ஏப்ரலில் வேறொரு வழக்கில், 2 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கொடுத்ததாக வழக்குத் தொடுக்கப்பட்டால், நீதிமன்றம் அதை வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று பணித்திருக்கிறது. வருமானக் கணக்கில் காட்டாத பெருந்தொகையை வைத்து வழக்குத் தொடுப்பவர் இதையும் எண்ணிப் பார்த்து இறங்க வேண்டும். பிரதிவாதி கந்துவட்டி என்று வாதிட்டால் 2003ஆம் ஆண்டுத் தமிழ்நாடு அநியாய வட்டித் தடைச் சட்டமும், வாதி வேறு பலர்மீதும் கடன் வழக்குத் தொடுத்திருந்தால் 1957ஆம் ஆண்டுக் கடன் கொடுப்போர் சட்டப்படி உரிமம் உண்டா என்ற கேள்வியும் எழும். கடனும் வட்டி விகிதமும் நேர்மையாக இருந்தால் இவற்றுக்கு அஞ்ச வேண்டியதில்லை.

சொந்தக் குறிப்பேட்டில் "இன்னாருக்கு இவ்வளவு" என்று எழுதி வைத்திருப்பதைப் பலர் பெரிய ஆதாரமாக நினைக்கிறார்கள். சாட்சிய அதிநியத்தின் 28ஆம் பிரிவு, தொழில் நடைமுறையில் ஒழுங்காகப் பராமரிக்கப்படும் கணக்கேடுகளின் பதிவுகளையே ஏற்கிறது. அவையும்கூடத் தனித்து யார்மீதும் பொறுப்பைச் சுமத்தப் போதுமானவை அல்ல. தளர்ந்த தாள்கள் கணக்கேடு ஆகா என்று 1998இல் ஹவாலா நாட்குறிப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

கொடுத்துத் தீர்த்துவிட்டேன் என்றால்

இது வாதிக்கு எளிய களம். கடன் ஒப்புக்கொள்ளப்பட்டுவிட்டது, தீர்த்ததை மெய்ப்பிக்கும் சுமை முழுவதும் பிரதிவாதியுடையது. பணத்தைச் செலுத்துபவருக்குச் சீட்டைத் திரும்பக் கேட்டுப் பெறும் உரிமை உண்டு என்பதால், தீர்ந்த கடனின் அசல் சீட்டு வாதியிடம் ஏன் இன்னும் இருக்கிறது என்பதற்கு அவர்தான் விளக்கம் தர வேண்டும். வாதி செய்ய வேண்டியது, பெற்ற தொகைகளை ஒளிக்காமல் கணக்கில் காட்டுவது ஒன்றே. மறைத்த ஒரு வங்கி வரவு குறுக்கு விசாரணையில் வெளிவந்தால் மற்ற எல்லாவற்றின்மீதும் நிழல் விழும்.

செல்பேசியில் உள்ள சான்று

"இந்த மாதம் வட்டி போட்டுவிட்டேன் அண்ணா, அசலுக்கு ஆறு மாதம் பொறுங்கள்" என்று வாட்ஸ்அப்பில் வந்த ஒரு செய்தி, இரண்டு சாட்சிகளைவிட நன்றாகப் பேசும். ஆனால் திரைப்பிடிப்பை அச்செடுத்து அப்படியே கொடுத்தால் அது சான்றாகாது. சாட்சிய அதிநியத்தின் 63ஆம் பிரிவின்படி சான்றிதழ் இணைக்கப்பட வேண்டும். புதிய படிவத்தில் இரண்டு பகுதிகள் உள்ளன: முதல் பகுதியைத் தாக்கல் செய்பவரும், இரண்டாம் பகுதியை நிபுணரும் கையொப்பமிட வேண்டும், மின்பதிவின் ஹாஷ் மதிப்பையும், அதாவது பதிவு மாற்றப்படவில்லை என்று காட்டும் கணினிக் குறியீட்டையும், குறிப்பிட வேண்டும். பழைய சட்டத்தின் கீழும் சான்றிதழ் கட்டாயமே என்று 2020இல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு உறுதி செய்தது. அசல் கருவியையே அதன் உரிமையாளர் கூண்டில் ஏறி ஒப்படைத்தால் சான்றிதழ் தேவையில்லை என்றும் அதே தீர்ப்பு கூறியது. எனவே புதிய செல்பேசி வாங்கினாலும் பழையதை வழக்கு முடியும் வரை அழிக்காமல் வைத்திருக்க வேண்டும். உரையாடலில் தமக்குச் சாதகமான நான்கு வரிகளை மட்டும் வெட்டி எடுக்காமல், அந்தக் காலத்து உரையாடல் முழுவதையும் தாக்கல் செய்வதே நம்பகத்தன்மையைக் காக்கும்.

சாட்சிக் கூண்டில்

வாதியின் முதல் விசாரணை 18ஆம் கட்டளை 4ஆம் விதிப்படி நிரூபண வாக்குமூலமாகவே தாக்கலாகும். அதில் வழக்குரையை அப்படியே நகலெடுத்து ஒட்டுவது பரவலான வழக்கம். வாதி அதைப் படிக்காமலே கையெழுத்திட்டு, குறுக்கு விசாரணையில் முதல் பத்தியிலேயே தடுமாறுவார். ஆவணத்துக்குக் குறியீட்டு எண் இட்டுவிட்டால் அது மெய்ப்பிக்கப்பட்டதாகாது. யார் எழுதியது, யார் கையெழுத்திட்டது, யார் முன்னிலையில் என்பதை வாக்குமூலத்தில் சொல்ல வேண்டும். அசலைத்தான் தாக்கல் செய்ய வேண்டும். தொலைந்துவிட்டதென்றால் 60ஆம் பிரிவின்படி அந்த இழப்பை முதலில் நிறுவிய பிறகே நகலுக்கு இடம் உண்டு.

வெளிநாட்டிலோ முதுமையிலோ இருப்பவர்கள் பொது அதிகார முகவரை அனுப்பிச் சாட்சி சொல்ல வைப்பது இந்த வகை வழக்குகளில் அடிக்கடி நேரும் இழப்பு. முகவர் தாம் செய்த செயல்களைப் பற்றிச் சொல்லலாம். அதிகாரம் கொடுத்தவருக்கு மட்டுமே தெரிந்த நிகழ்வுகளை அவருக்குப் பதிலாகச் சொல்ல முடியாது என்று இண்டஸ்இண்ட் வங்கி தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. பணத்தைக் கையால் கொடுத்தவரே வர வேண்டும். வர இயலாதவருக்கு ஆணையர் மூலமோ காணொலி மூலமோ விசாரிக்கக் கோரி மனுச் செய்யலாம். இதன் மறுபக்கமும் உண்டு: தன் தரப்பைச் சத்தியத்தின்பேரில் சொல்லக் கூண்டுக்கே வராத பிரதிவாதிமீது பாதகமான ஊகம் எழும்.

குறுக்கு விசாரணையில் கேட்கப்படுபவை பெரும்பாலும் முன்கூட்டியே ஊகிக்கக் கூடியவை. பணம் எந்த நோட்டுகளாக இருந்தது, யார் எண்ணியது, மேசையில் யார் யார் இருந்தார்கள், படிவத்தை யார் வாங்கி வந்தது, அன்று என்ன கிழமை என்பது போன்றவை. நினைவில் இல்லாததை நினைவில்லை என்று சொல்வதால் வழக்குத் தோற்காது; வாதியும் சாட்சியும் ஆளுக்கொரு இடத்தைச் சொன்னால் தோற்கும். உரிமையியல் வழக்கில் வேண்டியது சாத்தியக்கூறு எந்தப் பக்கம் மேலோங்கி நிற்கிறது என்பதே. சிறு முரண்பாடுகளை நீதிமன்றம் பொறுக்கும். எல்லாச் சாட்சிகளும் ஒரே வாக்கியத்தை ஒப்பிக்கும்போதுதான் ஐயப்படும். இதே கடனுக்குக் காசோலை வழக்கும் குற்றவியல் நீதிமன்றத்தில் நடக்கிறதென்றால், அங்கே கொடுத்த வாக்குமூலத்தின் சான்று நகல் எதிர் வழக்கறிஞரின் கையில் இருக்கும் என்று வைத்துக்கொண்டே இங்கே பேச வேண்டும்.

கடன் கொடுத்தவர் இறந்து, வாரிசுகள் வழக்கை நடத்துவதாக இருந்தால், 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் 214ஆம் பிரிவின்படி தீர்ப்பாணைக்கு முன் நீதிமன்றம் வழங்கும் வாரிசுரிமைச் சான்று வேண்டும். வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ் இதற்கு ஈடாகாது.

சீட்டில் வட்டி விகிதம் எழுதப்படாமல் இருந்தால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 80ஆம் பிரிவு ஆண்டுக்கு 18 சதவீதம் என்கிறது. தீர்ப்பாணைத் தேதிக்குப் பின், வணிகம் சாராத கடன்களுக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 34ஆம் பிரிவின்படி 6 சதவீதத்துக்கு மேல் கிடைக்காது. தீர்ப்பு பாதகமாக வந்தால் மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 30 நாட்கள் உண்டு. ஆனால் விசாரணையில் கொண்டுவராத அடகுச் சீட்டையும், அழைக்காத சாட்சியையும் அங்கே கொண்டுபோகலாம் என்று எண்ணக்கூடாது. உரிய முயற்சி எடுத்தும் அப்போது கிடைக்கவில்லை என்று காட்டினால்தான் 41ஆம் கட்டளை 27ஆம் விதி கூடுதல் சான்றுக்குக் கதவைத் திறக்கும். வீட்டு அலமாரியில் இருந்ததைத் தேடாமல் விட்டவருக்கு அது திறப்பதில்லை.